எக்ஸ்பார்ட்டி டிகிரி ஆனதே இப்போதுதான் தெரிகிறது: அப்பாவின் பேங்க் கடன் கேஸ்

கவுண்டன்யாக்கரை:

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள். எங்களுக்குச் சொந்த ஊர் குடியாத்தம். அப்பா 2013-ல் லுங்கித் தறி போட ஒரு பேங்கில் 4 லட்சம் கடன் வாங்கினார். மூன்று வருடத் தவணை, சித்தப்பா ஜாமீன் கையெழுத்து. பாதிக்கு மேல் ஒழுங்காகக் கட்டினார். அப்புறம் நூல் விலை ஏறியது, 2016 நவம்பரில் நோட்டு செல்லாது என்று அறிவித்தபோது வாரக் கூலி கொடுக்கவே கையில் பணமில்லை, அதோடு எல்லாம் நின்றுவிட்டது. 2018-ல் தறியை வந்த விலைக்குத் தள்ளிவிட்டுக் காட்பாடியில் வாடகை வீட்டுக்கு வந்துவிட்டோம். குடியாத்தத்தில் தாத்தா காலத்து வீட்டில் சித்தப்பா குடும்பம் இருக்கிறது, அதில் அப்பாவுக்குப் பாதிப் பங்கு உண்டு.

போன வாரம் காட்பாடி வீட்டுக்குக் கோர்ட் ஆள் வந்து ஒரு நோட்டீஸைக் கொடுத்துக் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார். பிரித்துப் பார்த்தால் ஈ.பி., அதாவது தீர்ப்பை நிறைவேற்றக் கேட்கும் மனு, என்று போட்டிருக்கிறது. பேங்க் 2021 கடைசியில் கேஸ் போட்டு, 2022 டிசம்பரில் எக்ஸ்பார்ட்டி டிகிரி, அதாவது எங்கள் தரப்பு ஆஜராகாமலே தீர்ப்பு, ஆகி, 4 லட்சத்துச் சொச்சமும் வட்டியும் கட்ட வேண்டும், இல்லாவிட்டால் அந்த வீட்டில் அப்பாவின் பங்கை ஜப்தி செய்து ஏலம் விட வேண்டும் என்று கேட்டிருக்கிறார்கள். கேஸ் நடந்ததே எங்களுக்குத் தெரியாது. சித்தப்பாவுக்குப் போன் போட்டால், "ஆமாம்டா, ரெண்டு கவர் வந்துச்சு, ஒன்னு உங்கப்பன் பேருக்கு, ரெண்டையும் நானே கையெழுத்துப் போட்டு வாங்கி வெச்சேன், பேங்க்காரன் எப்பவும் அனுப்புற நோட்டீஸ்னு நெனச்சேன்" என்கிறார். அண்ணன் தம்பிக்குள் பேச்சுவார்த்தை சரியில்லாத நேரம் அது. அதற்கு மேல் நான் ஒன்றும் சொல்ல விரும்பவில்லை.

இப்போது இந்தத் தீர்ப்பை எடுத்துப்போட முடியுமா, இரண்டு வருடத்துக்கு மேல் ஆகிவிட்டதே, டைம் இருக்கிறதா? பக்கத்து வீட்டுக்காரர் வேறு, அடுத்தது அரெஸ்ட் வாரண்டுதான் என்று பயமுறுத்திவிட்டார், அன்றிலிருந்து அப்பா சரியாகச் சாப்பிடுவதில்லை.

லாங்கு பஜார்:

பயப்படாதீங்க தம்பி. பேங்க் கடன் விஷயம் எல்லாம் கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குத்தான் போகணும், சாதாரண சிவில் கோர்ட்டுக்கு அதிகாரமே கிடையாது. கடைசியாகக் கட்டி மூணு வருஷம் தாண்டிட்டா கடனே செல்லாது. இந்த ரெண்டையும் சொல்லி ஒரு பெட்டிஷன் போட்டா டிகிரி தானா உடைஞ்சிடும்.

பழைய குமாஸ்தா:

மேலே சொன்னதில் முதல் பாயிண்டை நம்பி யாரும் கோர்ட்டுக்குப் போய்விடாதீர்கள். அந்தத் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டுமென்றால் கடன் பாக்கி 20 லட்சமாவது இருக்க வேண்டும். முன்பு 10 லட்சமாக இருந்ததை 2018-ல் 20 ஆக்கிவிட்டார்கள். நாலு லட்சத்துக்குச் சிவில் கோர்ட்டுதான். மூன்று வருடக் கணக்குக்கு அப்புறம் வருகிறேன், அதில் விஷயம் இருக்கிறது.

தம்பி, உங்களுக்கு இருக்கும் வழி உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் ஆர்டர் 9 ரூல் 13. சம்மன் முறையாகச் சார்பாகவில்லை (சட்டப்படி ஆளிடம் சேர்க்கப்படவில்லை), அல்லது தக்க காரணத்தால் வாய்தாவுக்கு வர முடியவில்லை, இந்த இரண்டில் ஒன்றைக் காட்டினால் டிகிரி கொடுத்த அதே கோர்ட் அதை ரத்து செய்து கேஸைத் திரும்ப நடத்தும். காலக்கெடு 30 நாள். ஆனால் சம்மன் முறையாகச் சார்பாகவில்லை என்றால் அந்த 30 நாள் தீர்ப்புத் தேதியிலிருந்து ஓடாது, தீர்ப்பு இருப்பது உங்களுக்குத் தெரிந்த தேதியிலிருந்துதான் ஓடும், லிமிடேஷன் சட்டம் 123-வது ஆர்ட்டிகிள். அதாவது உங்கள் அப்பாவுக்குக் கடிகாரம் போன வாரம்தான் ஓடத் தொடங்கியிருக்கிறது. அந்த ஈ.பி. நோட்டீஸைப் பத்திரமாக வையுங்கள்.

இப்போது சித்தப்பா கதைக்கு வருவோம். எல்லாம் அதில்தான் நிற்கிறது. ஆள் இல்லாதபோது வீட்டில் இருக்கும் வயது வந்த குடும்பத்தாரிடம் சம்மனைக் கொடுக்கலாம் என்று சட்டம் சொல்கிறது, உண்மைதான். ஆனால் அவர் பிரதிவாதியோடு சேர்ந்து வசிப்பவராக இருக்க வேண்டும். கூடப்பிறந்த தம்பியாக இருந்தால் மட்டும் போதாது. 2018-லேயே உங்கள் அப்பா காட்பாடிக்குப் போய்விட்டார் என்று காட்டிவிட்டால் 2022-ல் குடியாத்தத்தில் சித்தப்பா வாங்கிய கவர் அப்பாவுக்குச் சார்பானதாக ஆகாது. வாடகை அக்ரிமென்ட், சமையல் கேஸ் புக், ரேஷன் கார்டு மாற்றியது, ஆஸ்பத்திரிச் சீட்டு, எது இருந்தாலும் தேதியோடு எடுத்து வையுங்கள். ஆதாரில் இன்னும் குடியாத்தம் விலாசம்தான் இருக்கும் என்று நினைக்கிறேன், பேங்க் வக்கீல் முதலில் அதைத்தான் தூக்கிக் காட்டுவார், அதற்குப் பதில் தயாராக இருக்கட்டும்.

உங்களுக்கே தெரியாமல் ஒரு நல்ல விஷயமும் எழுதியிருக்கிறீர்கள். ஈ.பி. நோட்டீஸ் காட்பாடி விலாசத்துக்கு வந்தது என்றீர்கள். கேஸ் போடும்போது தெரியாத விலாசம் ஜப்திக்கு மட்டும் எப்படித் தெரிந்தது? பிராதில், அதாவது பேங்க் கேஸ் போட்ட மனுவில், என்ன விலாசம், ஈ.பி.யில் என்ன விலாசம், இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து அஃபிடவிட்டில் (பிரமாணப் பத்திரத்தில்) எழுதச் சொல்லுங்கள்.

ஆனால் ஒரு எச்சரிக்கை. சம்மன் சார்பு செய்ததில் குறை இருந்தாலும், வாய்தா தேதி பிரதிவாதிக்கு எப்படியோ தெரிந்திருந்தது, வந்து பதில் சொல்ல நேரமும் இருந்தது என்று கோர்ட் நினைத்தால் டிகிரியைத் தொடாது. பேங்க் தரப்பு, அண்ணனுக்குத் தம்பி சொல்லாமலா இருந்திருப்பார் என்றுதான் கேட்கும். அதனால் சித்தப்பாவிடமிருந்து ஒரு தனி அஃபிடவிட் வேண்டும், கவரை அண்ணனிடம் கொடுக்கவில்லை, சொல்லவும் இல்லை என்று. கோபம் எவ்வளவு இருந்தாலும் இந்த நேரத்தில் அவரைப் பகைத்துக்கொள்ளாதீர்கள்.

முதல் வேலையாக ஒரு வக்கீல் மூலம் கேஸ் கட்டைப் பார்வையிட்டு, தீர்ப்பு, டிகிரி, பிராது, சம்மன் திரும்பிய ரிப்போர்ட் இவற்றுக்குக் காப்பி அப்ளிகேஷன் போடுங்கள். சம்மன் கொண்டுபோன கோர்ட் அமீனாவின் ரிப்போர்ட்டில் என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமல் அஃபிடவிட் எழுதுவது இருட்டில் கல் எறிவதுதான். நீங்கள் 'தம்பி வாங்கினார்' என்று எழுதப்போய் அதில் 'கதவில் ஒட்டினேன்' என்று இருந்தால் முதல் நாளே மாட்டிக்கொள்வீர்கள்.

ரிடையர்டு கேஷியர்:

கவுன்டருக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்தவன் என்ற முறையில் சொல்கிறேன். கடன் கெட்டுப் போகிறது என்று தெரிந்தால் பிராஞ்சில் முதலில் செய்கிற காரியம், கடன்காரரைக் கூப்பிட்டு இருப்பு ஒப்புகைக் கடிதத்தில் கையெழுத்து வாங்குவதுதான். 'இன்ன தேதியில் இவ்வளவு பாக்கி என்பதை ஒப்புக்கொள்கிறேன்' என்று அச்சடித்த படிவம். தேதி போடும் இடம் காலியாக இருக்கும்போதே கையெழுத்து வாங்கி வைப்பதும் உண்டு, பார்த்திருக்கிறேன். அந்தக் கையெழுத்து மூன்று வருடம் முடிவதற்குள் போட்டதாக இருந்தால், அந்தத் தேதியிலிருந்து புதிதாக மூன்று வருடம் கிடைக்கும். ஆகவே கேஸ் கட்டில் பேங்க் தரப்புச் சான்றாவணங்களில் அப்படி ஒரு கடிதம் இருக்கிறதா, அதில் என்ன தேதி, கையெழுத்தும் தேதியும் ஒரே மையில் இருக்கின்றனவா என்று பாருங்கள். தம்பி, அப்பா கடைசியாகப் பணம் கட்டியது எப்போது? 2017-ஆ, அதற்கு முன்னாலா? மாதம் முக்கியம்.

பொய்கை சந்தை:

எல்லோரும் சட்டம் பேசுகிறீர்கள், நான் நடந்ததைச் சொல்கிறேன். என் மச்சானுக்கு இதே மாதிரி ஒரு மாட்டுக் கடன் கேஸ். தீர்ப்பை ரத்து செய்யச் சொல்லி செட்-அசைடு மனு போட்டோம், கோர்ட்டும் ஒத்துக்கொண்டது, ஆனால் டிகிரித் தொகையில் மூன்றில் ஒரு பங்கை நாலு வாரத்துக்குள் டெபாசிட் செய்தால்தான் என்று கண்டிஷன் போட்டுவிட்டார்கள். அந்தப் பணம் எங்கே இருக்கிறது? மாட்டை விற்றாலும் பொய்கையில் செவ்வாய்க்கிழமை என்ன விலை போகும் என்று தெரியாதா. தேதி தாண்டியது, மனு தானாகவே தள்ளுபடி. வக்கீல் ஃபீஸ் போனதுதான் மிச்சம். கடன் வாங்கியது உண்மை, பாக்கி இருப்பதும் உண்மை என்றால் அந்தக் காசை வைத்து லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றத்தில்) பேசி முடித்துக்கொள்வது மேல். பேங்க்காரர்கள் வட்டியில் நிறையவே குறைப்பார்கள்.

பழைய குமாஸ்தா:

பொய்கைக்காரர் சொல்வதில் பாதி சரி. கண்டிஷன் போட அந்த ரூலிலேயே இடம் இருக்கிறது, செலவுத் தொகை கட்டு, இவ்வளவு டெபாசிட் செய் என்று சொல்லலாம். ஆனால் சம்மனே சார்பாகவில்லை என்று வலுவாகக் காட்டினால் டெபாசிட் வேண்டாம் என்று வாதாட நியாயம் உண்டு. உடம்பு சரியில்லை, வர முடியவில்லை என்று மட்டும் சொல்லிக்கொண்டு போகிறவருக்குத்தான் பெரும்பாலும் கண்டிஷன் விழும். எப்படியானாலும் முதல் வாய்தாவிலேயே கையில் எவ்வளவு புரட்ட முடியும் என்பதை வக்கீலிடம் மறைக்காமல் சொல்லிவிடுங்கள்.

லோக் அதாலத்தும் நல்ல வழிதான், ஆனால் டிகிரியும் ஈ.பி.யும் அப்படியே இருக்கும்போது பேசப் போனால் பேங்க் ஏன் இறங்கி வரப் போகிறது? மனுவைப் போட்டுவிட்டுப் பேசினால் பேச்சின் தொனியே வேறு. இன்னொன்று, லோக் அதாலத்தில் கையெழுத்துப் போட்டு முடித்ததற்கு அப்பீல் கிடையாது. கட்ட முடியாத தவணைக்கு அங்கே தலையாட்டிவிட்டு வந்தால் பழைய டிகிரியே தேவலாம் என்றாகிவிடும்.

அரெஸ்ட் பற்றி: கையில் வசதி இருந்தும் வேண்டுமென்றே கட்டாமல் ஏமாற்றுகிறவரைத்தான் சிவில் சிறைக்கு அனுப்பலாம், ஏழ்மையால் கட்ட முடியாதவரை அனுப்பக் கூடாது என்று சுப்ரீம் கோர்ட் 1980-லேயே ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் வழக்கில் சொல்லிவிட்டது, அதுவும் ஒரு பேங்க் கடன் வழக்குதான். பணத்துக்கான டிகிரியில் எடுத்த எடுப்பில் வாரண்டும் வராது, ஏன் உங்களைச் சிறையில் வைக்கக் கூடாது என்று பொதுவாக முதலில் நோட்டீஸ் வரும், வசதி இருக்கிறதா என்று விசாரணை நடக்கும். அப்படியே உள்ளே வைத்தாலும் சாப்பாட்டுப் படியைப் பேங்க்தான் கட்ட வேண்டும். ஆக இப்போது வந்திருப்பது ஜப்திக்கான ஈ.பி., உங்கள் பக்கத்து வீட்டுக்காரர் சொல்வதைக் கேட்டு அப்பா பட்டினி கிடக்க வேண்டாம். ஆனால் அரெஸ்ட் நோட்டீஸ் எப்போதாவது வந்தால் போகாமல் இருந்துவிடக் கூடாது, வராதவர் மேல்தான் வாரண்டு கிளம்பும்.

இதைவிட முக்கியம்: ரூல் 13 மனு போட்டதாலேயே ஈ.பி. நிற்காது. நிறுத்திவைக்கத் தனியாக மனு போட்டு ஆர்டர் வாங்க வேண்டும். பலர் இங்கேதான் கோட்டை விடுகிறார்கள், மனு நம்பர் ஆகிவிட்டது என்று வீட்டில் இருப்பார்கள், அந்தப் பக்கம் ஈ.பி.யில் எக்ஸ்பார்ட்டி ஆகி ஜப்தி உத்தரவு வந்திருக்கும். ஈ.பி.யிலும் வக்காலத்துப் போட்டு ஆஜராக வேண்டும்.

கவுண்டன்யாக்கரை:

குமாஸ்தா சார், கேஷியர் சார், ரொம்ப நன்றி. அப்பாவின் டிரங்குப் பெட்டியிலிருந்து கடன் பாஸ்புக்கைத் தேடி எடுத்தேன். அப்பா கையால் கட்டியதில் கடைசி வரவு 27.02.2017, ஐயாயிரம் ரூபாய், அதற்குச் சலான் அடிக்கட்டைகூட இருக்கிறது. அதற்குப் பிறகு 2017 ஜூனில் ஒரு 1,312 ரூபாய் வரவு இருக்கிறது, பக்கத்தில் 'டிரான்ஸ்ஃபர்' என்று மட்டும் அச்சாகியிருக்கிறது. அப்பா அதைத் தான் கட்டவில்லை என்கிறார். அவருடைய சேமிப்புக் கணக்கிலிருந்து அந்தத் தேதியில் அதே தொகை போயிருக்கிறது. ஒப்புகைக் கடிதம் எதுவும் கையெழுத்துப் போட்ட ஞாபகம் இல்லையாம், ஆனால் அவர் நீட்டிய இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போடுகிறவர்.

ரிடையர்டு கேஷியர்:

அந்த 1,312 சேமிப்புக் கணக்கில் இருந்ததைத் துடைத்து எடுத்ததுதான், பார்த்தாலே தெரிகிறது. யாரும் சில்லறையோடு கடன் கட்ட மாட்டார்கள்.

பழைய குமாஸ்தா:

தம்பி, அந்தப் பாஸ்புக்கை லேமினேட் எதுவும் செய்யாமல் அப்படியே வையுங்கள். விஷயம் என்னவென்றால், மூன்று வருடக் கணக்கை 2021-ல் போட்ட கேஸுக்கு நேராகப் போடக் கூடாது. கொரோனாவுக்காக 15.03.2020 முதல் 28.02.2022 வரை உள்ள காலத்தைக் காலக்கெடுவில் சேர்க்கக் கூடாது என்று சுப்ரீம் கோர்ட் உத்தரவு இருக்கிறது. லாங்கு பஜார் அண்ணன் இதை விட்டுவிட்டார். அதனால் கேள்வி, 15.03.2020-க்கு முன்பே மூன்று வருடம் முடிந்துவிட்டதா என்பதுதான். தவணைக் காலம் 2016-லேயே முடிந்துவிட்டது. 27.02.2017-லிருந்து எண்ணினால் 2020 பிப்ரவரி கடைசியில் முடிகிறது, அதாவது கொரோனா விலக்கு தொடங்கச் சில நாள் முன்னாலேயே கடன் காலாவதி, செத்த கெடுவுக்கு அந்த உத்தரவு உயிர் கொடுக்காது. ஜூன் 2017-லிருந்து எண்ணினால் விலக்குக் காலத்துக்குள் வந்துவிடும், கேஸ் நேரத்துக்குள் போட்டதாகிவிடும். மொத்தச் சண்டையும் அந்த 1,312 ரூபாயில் இருக்கிறது.

பணம் கட்டியதால் புதுக் காலக்கெடு வேண்டுமென்றால் அதைக் கடன்பட்டவரோ அவருடைய ஏஜென்ட்டோ கட்டியிருக்க வேண்டும், அதற்கு அவர் கையெழுத்தோ கைப்பட எழுதியதோ இருக்க வேண்டும், லிமிடேஷன் சட்டம் 19-வது பிரிவு. பேங்க் தானாக எடுத்துக்கொண்ட தொகையில் அப்பாவின் கையெழுத்து எங்கே? கடன் பத்திரத்திலேயே எடுத்துக்கொள்ள அதிகாரம் கொடுத்திருக்கிறார் என்று பேங்க் சொல்லும், அது விசாரணையில் வாதாட வேண்டிய விஷயம், இப்போதே ஜெயித்துவிட்டோம் என்று நினைக்காதீர்கள். கேஷியர் சார் சொன்ன கடிதம் ஒன்று கேஸ் கட்டிலிருந்து கிளம்பினால் இந்தக் கணக்கே மாறும். ஆனால் எடுத்துச் சொல்லத்தக்க எதிர்வாதம் ஒன்று உங்களிடம் இருக்கிறது என்று அஃபிடவிட்டில் இரண்டு வரி எழுதினால் கோர்ட்டுக்கு மனு மேல் ஒரு மரியாதை வரும். கேஸ் காலாவதி ஆனதா என்று பிரதிவாதி கேட்காவிட்டாலும் கோர்ட் தானே பார்க்க வேண்டும், எக்ஸ்பார்ட்டி அவசரத்தில் யார் பார்த்தார்கள்.

இன்னும் ஒன்று, இந்த நேரத்தில் பிராஞ்சுக்குப் போய் 'கட்டிவிடுகிறேன், டைம் கொடுங்கள்' என்று எழுதிக் கொடுத்துவிடாதீர்கள். பேசுங்கள், கேளுங்கள், பேப்பரில் கையெழுத்து வேண்டாம்.

லாங்கு பஜார்:

கொரோனா விஷயம் எனக்குத் தெரியாது குமாஸ்தா சார். அப்பீல் போட்டா என்ன? நேரா மேல் கோர்ட்டுக்கு?

பழைய குமாஸ்தா:

போடலாம், எக்ஸ்பார்ட்டி டிகிரி மேல் அப்பீல் உண்டு. ஆனால் அப்பீலுக்கு டிகிரித் தேதியிலிருந்து 30 நாள், இரண்டு வருடத் தாமதத்துக்கு மன்னிப்புக் கேட்க வேண்டும், கோர்ட் ஃபீஸும் தொகையில் 3 சதவீதம். ரூல் 13 மனுவுக்கு ஃபீஸ் சில்லறைதான். அப்பீல் தள்ளுபடியாகித் தீர்ந்துவிட்டால் அப்புறம் ரூல் 13 மனுவும் போட முடியாது, அதனால் முதலில் இதைப் போடுவதுதான் புத்திசாலித்தனம். இது தள்ளுபடியானால் அந்த உத்தரவு மேலும் அப்பீல் இருக்கிறது.

கவுண்டன்யாக்கரை:

சார், 30 நாள் இருக்கிறது என்றாலும் தாமத மனுவும் சேர்த்துப் போட வேண்டுமா? சித்தப்பா அஃபிடவிட் தருகிறேன் என்று சொல்லிவிட்டார், வீடு ஏலம் போனால் அவருக்கும்தானே பிரச்சினை. அவர் மேலும் டிகிரி இருக்கிறது, அவருக்குச் சம்மன் சரியாகத்தான் கிடைத்தது, அவர் நிலைமை என்ன? வக்கீல் ஃபீஸ் வேறு கையைக் கடிக்கிறது.

பழைய குமாஸ்தா:

தாமத மனுவும் ஒன்று சேர்த்துப் போட்டுவிடுங்கள், பாதுகாப்புக்கு. தெரிந்த தேதி அதுவல்ல, முன்பே தெரியும் என்று கோர்ட் நினைத்துவிட்டால் அது கை கொடுக்கும். ஆனால் 'தாமதம்' என்று நாமே ஒத்துக்கொண்ட மாதிரி எழுதாமல், தாமதம் இல்லை, இருந்ததாகக் கருதினால் மன்னிக்கவும் என்ற தோரணையில் எழுத வேண்டும். நல்ல வக்கீலுக்கு இது தெரியும்.

சித்தப்பா தனியாக மனுப் போட்டால் நிற்காது. ஆனால் ஒருவருக்கு மட்டும் தனியாக ரத்து செய்ய முடியாத மாதிரியான டிகிரியாக இருந்தால் மற்ற பிரதிவாதிகளுக்கும் சேர்த்து ரத்து செய்ய ரூலில் இடம் இருக்கிறது. கடன் அப்பாவுடையது, அவர் ஜாமீன்தாரர், காலாவதி வாதம் இருவருக்கும் பொதுவானது, ஆகவே கேட்டுப் பார்க்கலாம். கிடைக்காமல் போனால் பேங்க் அவரை மட்டும் துரத்தலாம், ஜாமீன்தாரரிடமே நேராக வசூலிக்கச் சட்டம் இடம் கொடுக்கிறது. இதை அவரிடம் அஃபிடவிட்டில் கையெழுத்து வாங்குவதற்கு முன்பே சொல்லிவிடுங்கள், பின்னால் தெரிந்தால் மறுபடியும் பேச்சு நின்றுவிடும்.

ஃபீஸுக்கு: சத்துவாச்சாரி கோர்ட் வளாகத்தில் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது, தாலுகாக் கோர்ட்டுகளிலும் அதன் குழு உண்டு. வருமானம் குறைவு என்று சான்றிதழ் கொடுத்தால் இலவசமாக வக்கீல் தருவார்கள், 15100 என்ற நம்பரில் கேட்கலாம். போகும்போது ஈ.பி. நோட்டீஸ், பாஸ்புக், 2018 வாடகை அக்ரிமென்ட் மூன்றின் ஜெராக்ஸும் எடுத்துப் போங்கள். கேஸ் நம்பர் நோட்டீஸிலேயே இருக்கும், ஈ-கோர்ட்ஸ் ஆப்பில் போட்டு அடுத்த வாய்தா தேதியை இன்றே பாருங்கள், நோட்டீஸில் எழுதிய தேதி சில சமயம் மாறியிருக்கும்.

கவுண்டன்யாக்கரை:

பார்த்துவிட்டேன் சார், வருகிற 19-ம் தேதி. அதற்குள் காப்பி கிடைக்குமா என்று தெரியவில்லை.

பழைய குமாஸ்தா:

கிடைக்காவிட்டாலும் பரவாயில்லை. 19-ம் தேதி வக்காலத்துப் போட்டு, காப்பி அப்ளிகேஷன் நம்பரைச் சொல்லி, ஈ.பி.யில் கவுன்ட்டருக்கு, அதாவது பதில் மனுவுக்கு, டைம் கேட்கச் சொல்லுங்கள்.